செத்தவர்கள் பக்கம்

அக்கா எந்தப் பேயையும் 'அது' என்று சொல்லமாட்டார். யாராவது கேமரா முன்னால் நின்று, "அது அந்தக் கிணத்துப் பக்கம்தாங்க நிக்கும்" என்று ஆரம்பித்தால், கையை நீட்டி நிறுத்துவார். "அது இல்லைங்க, அவங்க. அவங்க பேர் என்ன?" ஸ்கூடாயில் ஒரு கிளினிக்கின் முன்மேசையில் பல வருடம் உட்கார்ந்து நோயாளிகளைப் பெயர் சொல்லிக் கூப்பிட்ட பழக்கம். பேய்க்கும் ஓர் அட்டை போட்டு வரிசையில் உட்கார வைக்கப் போகிறவர் மாதிரிதான் கேட்பார். கேட்டவர்கள் பெரும்பாலும் விழிப்பார்கள். அத்தனை வருடமாகப் பயந்துகொண்டிருந்தவர்களுக்கு, பயந்தது யாருக்கு என்று தெரிந்திருக்காது.

நாங்கள் எடுத்தது அமானுஷ்ய இடங்களைப் பற்றிய தமிழ் ஆவணத் தொடர். வாரம் ஒரு வீடு, ஒரு தோட்டம், ஒரு பழைய கடை. எல்லாம் ஜொகூர் மாநிலத்துக்குள்ளேயே. தகவல் தேடுவதும் எழுதுவதும் என் வேலை. திரையில் தோன்றி எல்லாவற்றையும் விளக்கிச் சொல்வது அக்காவின் வேலை. அந்த வேலை எனக்கு வந்திருக்க வேண்டியது. இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். இல்லாவிட்டால் பின்னால் நான் சொல்வதை எல்லாம் எந்தக் கணக்கில் எடுத்துக்கொள்வது என்று உங்களுக்குத் தெரியாது.

தயாரிப்பாளர் என்னிடம்தான் முதலில் பேசியிருந்தார். நான் சரித்திரம் படித்தவள், குரல் நன்றாக இருக்கும், மேடையில் பேசிப் பழக்கம் உண்டு. இதற்காகவே துணிக்கடைகளுக்குப் பேர்போன தங்காக் வரைக்கும் போய், கடை கடையாக ஏறி இறங்கி, கருநீலத்தில் ஒரு சேலை எடுத்தேன். கண்ணாடி முன்னால் நின்று முதல் பகுதியின் வசனத்தைச் சொல்லிப் பார்த்தேன். என் கண்ணுக்கு நன்றாகத்தான் இருந்தது.

முதல் பகுதி ஸ்கூடாயில் ஓர் அடுக்குமாடிக் குடியிருப்பைப் பற்றியது. யாரும் பொத்தானை அமுக்காமலே லிஃப்ட் ஏழாவது மாடியில் போய் நிற்கிறது என்று பேச்சு. குடியிருப்பவர்கள் சிலரைப் பேச வைக்கலாம் என்று நான் கீழே நின்று ஆள் பிடித்துக்கொண்டிருந்தேன். கையில் காய்கறிப் பையோடு வேலை முடிந்து வந்த ஒரு பெண் நின்று வேடிக்கை பார்த்தார். அவர்தான் அக்கா. நான்தான் அவரைக் கூப்பிட்டேன். நீங்களும் ஏதாவது சொல்லுங்களேன் என்று மைக்கை நானே சட்டையில் மாட்டிவிட்டேன்.

மற்றவர்கள் கதவு தானாகத் திறந்ததையும் குளிர்ந்த காற்று வந்ததையும் சொல்லி முடித்ததும், அக்கா பையைக் கீழே வைத்துவிட்டுச் சொன்னார்: "ஏழாவது மாடில ஒரு அம்மா இருந்தாங்க. கால் முடியாது. லிஃப்ட் கெட்டுப் போனப்ப அவங்களால கீழயே வர முடியல. ரொம்ப நாளு. மருந்து வாங்கக்கூட நாங்கதான் போவோம். லிஃப்ட் நல்லாவறதுக்குள்ள தவறிட்டாங்க. இப்பதான் நல்லா ஓடுதே, ஏறி எறங்கிட்டுப் போவட்டும்லா. உங்களுக்கு என்ன?"

கேமராமேன் சிரித்தார். பிறகு சிரிப்பதை நிறுத்தினார். நான் தயாரிப்பாளரைத் திரும்பிப் பார்த்தேன். அவர் முகத்தைப் பார்த்ததுமே எனக்குத் தெரிந்துவிட்டது.

என்னைத் தனியாகக் கூப்பிட்டு, ஆராய்ச்சியில் என்னைப் போல ஆள் கிடைக்காது என்றார். அடுத்த பகுதியிலிருந்து அக்கா பேசட்டும், நான் எழுதட்டும் என்றார். அதோடு விட்டிருந்தால் பரவாயில்லை. முதல் நாள் படப்பிடிப்புக்கு அக்கா கட்டம் போட்ட டி-சட்டையில் வந்து நின்றார். "அந்த நீலச் சேலையக் குடேன், இவங்களுக்கு நல்லா இருக்கும்" என்று தயாரிப்பாளர் என்னிடம் கேட்டார். கொடுத்தேன். கொசுவத்தில் ஊசி குத்தியதும் நான்தான். நன்றாகத்தான் இருந்தது. துவைத்து இஸ்திரி போட்டுத் திருப்பிக் கொடுத்தார். அதில் அவருடைய பவுடர் வாசனை லேசாக இருந்தது. நான் அதைக் கட்டவே இல்லை.

அக்கா பேய் வீட்டுக்குள் போகும் முறையே வேறு. வாசலில் செருப்பைக் கழற்றுவார். கண்ணாடிச் சில்லு கிடக்கும், பூரான் இருக்கும் என்று நாங்கள் தலைப்பாடாக அடித்துக்கொண்டாலும் கேட்கமாட்டார். "யாரோட வீடோ. செருப்போட போனா என்ன நெனைப்பாங்க?" நிலைப்படியில் நின்று, "உள்ள வரலாமாங்க?" என்று கேட்டுவிட்டு, பதில் வந்தது போல ஒரு தலையசைப்போடு நுழைவார். பார்க்கிறவர்களுக்கு அது பிடித்துப்போனது. 'பேய் அக்கா' என்று பெயர் வைத்தார்கள். மாமாக் சாப்பாட்டுக் கடையில் தே தாரிக் டீ குடிக்க உட்கார்ந்தால், பக்கத்து மேசைக்காரர்கள் ரொட்டியைப் பாதியில் விட்டுவிட்டு வந்து அவரோடு படம் எடுத்துக்கொள்வார்கள். கைபேசியை என்னிடம் கொடுத்துத்தான் எடுக்கச் சொல்வார்கள். நான் எடுத்துக் கொடுப்பேன். சில சமயம் அவர் கண் மூடியிருக்கும்போது எடுத்துவிட்டு, சரியாக வந்திருக்கிறது என்று திருப்பிக் கொடுத்திருக்கிறேன்.

அவர் தன்னடக்கம் உள்ளவர் என்று நினைத்துவிட வேண்டாம். புகழ் அவருக்கு இனித்தது. வேனில் போகும்போது பார்வையாளர்கள் எழுதியதை எல்லாம் உரக்கப் படிப்பார். தன்னைத் திட்டியிருந்தால் இன்னும் உரக்கப் படிப்பார். ஒரு வானொலிப் பேட்டியில், "முதல்ல அவங்க பேரக் கண்டுபிடிச்சிருவேன், அப்புறம்தான் வீட்டுக்குள்ளயே போவேன்" என்று சொன்னதைக் காரில் கேட்டேன். பெயர்களைக் கண்டுபிடித்தவள் நான். கோயில் கோயிலாக, இடுகாடு இடுகாடாக அலைந்து, காது கேட்காத கிழவர்களிடம் கத்திக் கத்திக் கேட்டு வாங்கியவை அவை. அன்று பேட்டி முடியும் முன்பே வானொலியை அணைத்துவிட்டேன். மறுநாள் அவர் எனக்குக் கச்சான் பூத்தே கடலைப் பொட்டலம் ஒன்று வாங்கி வந்து நீட்டியபோது, பல்வலி என்றேன்.

ஒரு முறை நெடுஞ்சாலையில் போய்க்கொண்டிருக்கும்போது நேராகவே கேட்டேன், உண்மையில் எதையாவது பார்த்திருக்கிறீர்களா என்று. கடலையை மென்றபடியே சொன்னார்: "ஒரு தடவகூட இல்லம்மா. ஆனா ஜனங்க செத்தவங்களப் பத்தி என்கிட்ட பேசுறாங்க. கிளினிக்ல இருந்தப்ப சளி இருமல்தானே பேசுவாங்க." சொல்லிவிட்டு வேன் குலுங்கக் குலுங்கத் தூங்கிப்போனார்.

சாஆ என்ற சிற்றூருக்குப் பக்கத்தில் ஒரு தோட்டத்தில் பழைய துரை பங்களா இருந்தது. பின்வாசல் படியில் ஒரு பெண் அழுகிற சத்தம் கேட்கிறது என்று காவல்காரர்கள் ஒருவரும் நிலைப்பதில்லை. நான் தேடிப் போனதில் அவள் அந்த வீட்டில் பிள்ளை வளர்த்த ஆயா மருதாயி என்று தெரிந்தது. அந்த வீட்டுக் குழந்தையைப் பிறந்ததிலிருந்து வளர்த்தவள். துரை குடும்பம் அவளிடம் சொல்லாமலே நாட்டை விட்டுப் போய்விட்டது. "குடும்பம் வெளியேறியது குறித்து அவருக்குத் தகவல் தெரிவிக்கப்படவில்லை" என்று ஒரு வரி எழுதிக் கொடுத்தேன்.

அக்கா அதை ஒரு முறை படித்துப் பார்த்தார். பின்வாசல் படியில் போய் உட்கார்ந்துகொண்டு, கேமராவைப் பார்க்காமல் பூட்டிய கதவைப் பார்த்துச் சொன்னார்: "காலைல வழக்கம்போல வேலைக்கு வந்திருக்காங்க. கதவு பூட்டியிருக்கு. நாளைக்கு வர வேணாம்னு சொல்லக்கூட ஆளில்ல. யாரும் வர வேணாம்னு சொல்லலையே, அதான் இன்னும் வந்துகிட்டு இருக்காங்க."

என் வரிதான். நான் தேடி எடுத்த செய்திதான். என் கையில் இருந்தபோது அது வெறும் செய்தியாகவே இருந்தது. வயிறு எரிந்தது என்று சொல்வார்களே, அது பேச்சுக்குச் சொல்வதில்லை என்று அங்கே நின்றபோது தெரிந்தது.

அன்றைக்கு மதியச் சாப்பாடு எங்கள் வீட்டில். அம்மா சாஆவில்தான் தனியாக இருந்தார். அப்பா தவறி இரண்டு மூன்று வருடம் ஆகியிருந்தது. குழுவில் எல்லோரும் முன்னறையில் சாப்பிட, அக்கா மட்டும் தட்டைத் தூக்கிக்கொண்டு அடுப்படிக்குப் போய் அம்மா பக்கத்தில் பலகையைப் போட்டு உட்கார்ந்துவிட்டார். எங்கே போனாலும் அப்படித்தான். நான் ரசம் எடுக்கப் போனேன். கதவருகில் போனபோது அம்மாவின் குரல் கேட்டது. அது நான் கேட்டுப் பழகிய குரல் இல்லை. தணிந்து, வேகமாக, நிறுத்தினால் திரும்ப வராது என்பது போல ஓடிக்கொண்டிருந்தது. நான் அப்படியே நின்றுவிட்டேன்.

அப்பாவுக்கு முதல் மனைவி ஒருவர் இருந்தார் என்று எனக்குத் தெரியும். எப்படியோ தெரியும், யாரும் உட்கார வைத்துச் சொன்னதில்லை. கல்யாணமான சில வருடத்தில் காய்ச்சலில் இறந்துபோனார் என்பதோடு சரி. வீட்டில் ஒரு படம்கூடக் கிடையாது. அம்மா சொல்லிக்கொண்டிருந்தது அவரைப் பற்றி. இந்த வீடு அந்த அம்மாள் ஆசைப்பட்டு வாங்கியது. இந்த அடுப்படியில்தான் மயங்கி விழுந்தார். அம்மா இங்கே வாழ வந்த நாளிலிருந்து, யாரோ பின்னால் நின்று தான் சமைப்பதைப் பார்த்துக்கொண்டிருப்பது போலவே இருக்குமாம்.

அக்கா கேட்டார், "உங்கள எதாச்சும் பண்ணாங்களா?"

"ஒண்ணும் பண்ணல. அதான்மா கோவம். எதாச்சும் பண்ணியிருந்தா மந்திரிச்சித் தொரத்தியிருக்கலாம். சும்மா நிக்கிறாங்க. நல்லவங்க மாதிரி." கரண்டி சட்டியில் உரசியது. "ஒரு நாளு சோறு போட்டுக்கிட்டு இருந்தேன். கொழம்பு ஊத்துன்னு சொல்ல வந்தவரு, என்ன அவங்க பேரச் சொல்லிக் கூப்பிட்டுட்டாரு. ஒரே ஒரு தடவ. அவரும் கவனிச்சாரு, நானும் கவனிச்சேன். கொழம்ப ஊத்துனேன். சாவுற வரைக்கும் அதப் பத்தி அவரும் பேசல, நானும் பேசல."

"அவங்க பேர் என்னங்க?"

வழக்கமான கேள்விதான். நூறு பேரிடம் அவர் கேட்டு நான் கேட்டிருக்கிறேன். அம்மா சொல்லமாட்டார் என்று நினைத்தேன்.

"கோவிந்தம்மா" என்றார் அம்மா.

ஊரான் வீட்டுச் செத்தவர்களின் பெயருக்கெல்லாம் ஜொகூர் முழுக்க அலைந்தவள் நான். எங்கள் வீட்டுப் பெயரை, வெளியாளுக்கு அம்மா சொல்ல, கதவுக்கு இந்தப் பக்கம் நின்று தெரிந்துகொண்டேன். ரசம் எடுக்காமல் திரும்பிவிட்டேன்.

வேன் கிளம்பும் முன் அம்மாவைத் தனியாகப் பிடித்து, இதையெல்லாம் ஏன் என்னிடம் சொல்லவில்லை என்று கேட்டேன். அம்மா சேலைத் தலைப்பில் கையைத் துடைத்தபடி, "நீ அப்பா பொண்ணும்மா. உன்கிட்ட போயி, செத்தவமேல பொறாமைன்னு எப்படிச் சொல்றது?" என்றார். பொறாமையைப் பற்றி என்னிடம் சொல்ல முடியாதாம். வேனில் அக்கா மருதாயியின் பின்வாசலைப் பற்றியே பேசிக்கொண்டு வந்தார். எங்கள் வீட்டைப் பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை.

அதற்குப் பின் ஒவ்வொரு பகுதி வெளியாகும்போதும் காத்துக்கொண்டிருந்தேன். எங்காவது, எந்தக் கதையிலாவது, பெயரை மாற்றியாவது அம்மாவை இழுத்துவிடுவார் என்று. இழுத்திருந்தால் அவரை வெறுக்க எனக்கு ஒரு நல்ல காரணம் கிடைத்திருக்கும். அவர் கடைசிவரை அதைக் கொடுக்கவில்லை.

தொடருக்குப் புதிய முதலீட்டாளர்கள் வந்தார்கள். பரிதாபம் போதும், பயம் வேண்டும் என்றார்கள். ஜொகூர் பாருவில் காலியாகக் கிடந்த ஒரு கடைவீட்டைப் பிடித்து, பட்டப்பகலில் ஜன்னல்களுக்குக் கறுப்புத் துணி கட்டி, கல்லூரியில் படிக்கும் ஒரு பெண்ணுக்கு வெள்ளைச் சேலையும் வாய் வழியும் ரத்தமும் போட்டு மாடியில் ஒளித்து வைத்தார்கள். அக்காவைத் தவிர எல்லோருக்கும் தெரியும். அவர் பதறி ஓடிவருவதைப் படம் பிடிப்பதுதான் திட்டம்.

அக்கா வழக்கம்போல செருப்பைக் கழற்றிவிட்டு மேலே போனார். அந்தப் பெண் பீரோவுக்குப் பின்னாலிருந்து அலறிக்கொண்டு பாய்ந்தாள். அக்கா அவளைத் தோளில் பிடித்து நிறுத்தினார். டார்ச்சை முகத்துக்கு நேரே காட்டினார். "யாரும்மா நீ? இப்படி வேர்த்துக் கொட்டுது? எவ்ளோ நேரமா நிக்கிற?" காலையிலிருந்து காற்றில்லாத அறையில் நின்றவள், தரையில் உட்கார்ந்து அழத் தொடங்கினாள்.

அக்கா கேமராவின் பக்கம் திரும்பினார். அவர் கோபப்பட்டு நான் பார்த்தது அந்த ஒரு தடவைதான். சத்தம் போடவில்லை. "நான் செத்தவங்களுக்காகப் பேசுறவ. இந்தப் புள்ள உயிரோட இருக்கு. மொதல்ல இதுக்குத் தண்ணி குடுங்க" என்றார். அந்தப் பெண்ணைக் கைத்தாங்கலாகக் கீழே கூட்டிப்போய், ரத்தச் சாயத்தோடேயே ஒரு வாடகைக் காரில் ஏற்றிவிட்டு, அவளோடு தானும் ஏறிப் போய்விட்டார். திரும்ப வரவில்லை. யாரும் கூப்பிடவும் இல்லை.

அவர் இடம் எனக்குக் கிடைத்தது.

நான் ஆசைப்பட்ட நாற்காலி, நான் ஆசைப்பட்ட விளக்கு. தவறில்லாமல் பேசினேன். பெயர்கள் சரி, வருடங்கள் சரி, உச்சரிப்பு சரி. செருப்பைக்கூடக் கழற்றிப் பார்த்தேன். கீழே பார்வையாளர்கள் எழுதியதில் பாதி, அக்கா எங்கே என்பதுதான். ஒருவர் மட்டும் பொறுமையாக நாலு வரி எழுதியிருந்தார்: இவர் நன்றாகப் பேசுகிறார், ஆனால் இவர் பேசினால் பேய் வெறும் பேயாகத்தான் தெரிகிறது என்று. கொஞ்ச காலத்தில் தொடர் நின்றுபோனது. நான் ஸ்கூடாயில் ஒரு தனியார் கல்லூரியில் சரித்திரம் சொல்லிக்கொடுக்கப் போனேன். அக்கா சிங்கப்பூரில் ஒரு முதியோர் இல்லத்தில் வேலைக்குச் சேர்ந்து, தினமும் எல்லைப் பாலம் தாண்டிப் போய் வருகிறார் என்று கேள்விப்பட்டேன்.

யார் சொல்லிக் கேள்விப்பட்டேன் என்றால், அம்மா சொல்லி. ஞாயிற்றுக்கிழமை நான் கூப்பிட்டால் அம்மாவின் எண் எப்போதும் வேறு அழைப்பில் இருக்கும். பிறகு அவரே கூப்பிட்டு, "அந்தப் பொண்ணுதான் பேசிக்கிட்டு இருந்துச்சு" என்பார். அப்பாவின் திதிக்குப் போனபோது இரண்டு இலை போட்டிருந்தது. கேட்டேன். ஒன்று கோவிந்தம்மாவுக்கு என்றார். இவ்வளவு நாள் அடுப்படியில் நின்றவருக்கு ஓர் இலை போட்டால் என்ன என்று அந்தப் பொண்ணு சொல்லிச்சாம். இலை போட ஆரம்பித்ததிலிருந்து பின்னால் யாரும் நிற்பதில்லை என்றார் அம்மா. சொல்லும்போது முகத்தில் ஒரு சின்ன வருத்தம் இருந்தது, துணை போய்விட்டது போல.

போன வருடம் அம்மா தவறிவிட்டார். சிகாமட் ஆஸ்பத்திரியில், தூக்கத்தில். அக்காவுக்கு நான் சொல்லவில்லை. வேறு யாரோ சொல்லியிருக்கிறார்கள். சீருடையைக்கூட மாற்றாமல் வந்து சேர்ந்தார். இளைத்திருந்தார். முன்தலை நரைத்திருந்தது. யாரும் கேட்காமலே அடுப்படிக்குள் போய், வந்தவர்களுக்கெல்லாம் வரக்காப்பி கலந்து கொடுத்தார். எந்த டப்பாவில் சீனி, எதில் தூள் என்று அவருக்குத் தெரிந்திருந்தது. நான் தேடித்தான் எடுக்க வேண்டியிருக்கும்.

கருமாதிக்கும் வந்தார். அது முடிந்து உறவுக்காரர்கள் கிளம்பிய பிறகு, நாங்கள் இருவரும் பாத்திரம் கழுவிக்கொண்டிருந்தோம். எங்கிருந்துதான் வந்ததோ, எனக்கு வாய் திறந்துகொண்டது. கையில் கரண்டியோடு கேட்டேன். எல்லாவற்றையும் அம்மா உங்களிடம்தானே சொன்னார், பெற்ற மகள் நான் எதற்கு இருந்தேன், வாரம் தவறாமல் கூப்பிட்டேனே, ஒரு நாளாவது என்னிடம் அந்தக் குரலில் பேசினாரா என்று. சேலையிலிருந்து, நாற்காலியிலிருந்து ஆரம்பிக்க வேண்டிய வழக்கு. அதையெல்லாம் விட்டுவிட்டு இதில் வந்து நின்றது.

அக்கா தட்டைக் கழுவுவதை நிறுத்தவில்லை. அம்மாவின் பக்கம் பேசுவார் என்று எதிர்பார்த்தேன். அவருக்கு அதுதானே தெரியும். அம்மாவுக்கு என்ன கஷ்டமோ, என்ன பயமோ, நான்தான் புரிந்துகொள்ள வேண்டும் என்று அழகாக ஒரு வாக்கியம் வரும், அதற்கும் சேர்த்து வயிறெரியலாம் என்று காத்திருந்தேன்.

"உங்கம்மா செஞ்சது தப்புதான்" என்றார்.

நான் கரண்டியைக் கீழே வைத்தேன்.

"உன்கிட்டதான் சொல்லியிருக்கணும். நான் யாரு? சொல்லாம போனது தப்பு. கல்மனசு."

"எங்கம்மாவ ஒண்ணும் சொல்லாதீங்க" என்றேன்.

என் குரலே எனக்குப் புதிதாக இருந்தது. "உங்களுக்கு என்ன தெரியும்? பத்தொம்பது வயசுல இந்த வீட்டுக்கு வந்தவங்க. அடுத்தவங்க அடுப்படி. அடுத்தவங்க புருசன். யார்கிட்ட சொல்லுவாங்க? என்கிட்ட சொன்னா அப்பாவ நான் வெறுத்துருவேன்னு பயந்திருப்பாங்க. எனக்காகத்தான் வாயப் பொத்திக்கிட்டு இருந்தாங்க." சொல்லச் சொல்லத்தான் அது எனக்கே தெரிந்தது. நிறுத்த முடியவில்லை. அம்மாவுக்காக நான் பேசிக்கொண்டே போனேன். அழுகை எப்போது வந்தது என்று தெரியவில்லை.

அக்கா குழாயை மூடினார். ஒரு துணியை எடுத்து என் கையில் கொடுத்தார், முகத்துக்கா தட்டுக்கா என்று சொல்லாமல். "சரிம்மா. நீ சொன்னா சரிதான்" என்றார். மறுநாள் அதிகாலை வேலை, கடைசி பஸ் போய்விடும் என்று பையை எடுத்துக்கொண்டு கிளம்பினார். நான் வாசல்வரை போனேன். தெருமுனை திரும்பும்வரை பார்த்துக்கொண்டு நின்றேன்.

அம்மாவைக் கல்மனசு என்று அவர் மனதாரச் சொன்னாரா, நான் எழுந்து நின்று அம்மா பக்கம் பேசட்டும் என்று சொன்னாரா என்பது எனக்கு இன்றுவரை தெரியவில்லை. தெரிந்தே சொல்லியிருந்தால், செத்தவர்களுக்காகப் பேசும் அந்தத் தொழிலில் அதைவிடப் பெரிய வேலை ஒன்றை அவர் கேமரா முன்னால்கூடச் செய்ததில்லை. அதை எங்கள் அடுப்படியில், யாரும் பார்க்காதபோது, ஈரக் கையோடு செய்துவிட்டுப் போய்விட்டார். இப்போது எனக்கு இருப்பது அந்த ஒரு வேலையின் மேலான பொறாமைதான். மற்றதெல்லாம் எப்போதோ ஆறிவிட்டது.